ஐந்து விநாடியில் திண்டிவனம்

நான் வாழ்க்கையில் போன அதிகபட்ச வேகம் மணிக்கு நூற்றுப் பத்து கிலோமீட்டர். அதையும் நான் ஓட்டவில்லை. மச்சினன் கல்யாணத்துக்குப் போன வேனில், கடைசி சீட்டில், மடியில் தாம்பூலப் பைகளோடு உட்கார்ந்திருந்தேன். கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருந்ததால் அந்த வேகத்தைப் பார்த்தேன் என்றுகூடச் சொல்ல முடியாது. விமானத்தில் ஏறியதில்லை. என் ஸ்கூட்டர் நாற்பத்தைந்தைத் தாண்டினால் முன்பக்கம் ஒரு நடுக்கம் வரும். அது வண்டியிலிருந்து வருகிறதா, என்னிடமிருந்து வருகிறதா என்று மெக்கானிக்காலேயே கண்டுபிடிக்க முடியவில்லை.

இப்படிப்பட்ட நான்தான் விழுப்புரத்திலிருந்து திண்டிவனம் போகும் காலை பாசஞ்சரில், போன வருஷம் பாதிக்கு மேல், ராக்கெட் வேகத்தைப் பற்றிப் பாடம் எடுத்தேன். தகுதி இல்லாமல் இல்லை. பி.எஸ்சி. பௌதிகம் படித்தவன். இரண்டு பேப்பர் பாக்கி. பாக்கி என்றால் இருபத்தெட்டு வருஷமாகப் பாக்கி. அதில் ஒன்று, பொருள்கள் எப்படி ஓடுகின்றன என்பதைப் பற்றிய பேப்பர். இப்போது திண்டிவனத்தில் ஒரு மல்லாட்டை மண்டியில், அதாவது நிலக்கடலை மொத்தக்கடையில், எடை போடுகிறேன். மூட்டை ஓடாது. அதனால் இதுவரை பிரச்சினை வந்ததில்லை.

எங்கள் பெட்டியில் மூன்று பேருக்கு ஏறக்குறைய நிரந்தர இடம். ஜன்னலோரம் லேத்துக்காரர். திண்டிவனத்துக்கு வெளியே ஒரு சின்னப் பட்டறையில் முப்பது வருஷமாக லேத் மிஷினில் இரும்பு கடைகிறவர். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர், எனவே எனக்கு அண்ணன். அவர் எதிரில் நான். என் பக்கத்தில் முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருக்கும் சிஸ்டர். முண்டியம்பாக்கம் அடுத்த ஸ்டேஷன். ஆகவே எந்த விவாதத்திலும் சிஸ்டருக்குக் கிடைப்பது பத்து நிமிஷம்தான். அந்தப் பத்து நிமிஷத்தில் அவர் எங்களைத் திட்டி, தீர்ப்புச் சொல்லி, ஹேண்ட்பேக்கை எடுத்துக்கொண்டு இறங்கிப் போய்விடுவார். மிச்ச முக்கால் மணி நேரமும் நாங்கள் இரண்டு பேரும் அந்தத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்துகொண்டு போவோம்.

பேசுகிறவன் நான். லேத்துக்காரர் பேசமாட்டார். யார் என்ன சொன்னாலும் தலையைக் கொஞ்சம் சாய்த்துக் கேட்பார். அது மரியாதை என்று நான் வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன். பிறகுதான் தெரிந்தது, அவர் கேட்பது என்னை அல்ல, அடியில் ஓடும் சக்கரத்தை. ஒரு நாள் விக்கிரவாண்டி தாண்டும்போது, "இந்தப் பொட்டியில மூணாவது சக்கரம் கொஞ்சம் தேய்ஞ்சிருக்குது" என்றார். அவ்வளவு நேரமும் நான் என் சர்க்கரை அளவைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தேன்.

அப்படிப்பட்டவர் ஒரு திங்கட்கிழமை, வண்டி கிளம்புவதற்கு முன்னாலேயே, என்னைப் பார்த்து ஒரு கேள்வி கேட்டார்.

"வாத்யாரே, ராக்கெட்டு, ஜெட்டு, சத்தத்தை முந்திக்கினு போவுதுன்றாங்களே அந்த ப்ளேனு. மூணுல எது ஜாஸ்தி ஸ்பீடு? எவ்ளோ ஜாஸ்தி?"

என்னை வாத்தியார் என்று ஒருவர் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. அதில் கிண்டல் எவ்வளவு, மரியாதை எவ்வளவு என்று எடை போட்டுப் பார்க்க நான் முயலவில்லை. உடனே போனை எடுத்துத் தேடி, கணீரென்று படித்தேன். பயணிகள் ஜெட் மணிக்குத் தொள்ளாயிரம் கிலோமீட்டர். ஒலியைப் போல இரண்டு மடங்கு வேகத்தில் போகும் விமானம் மணிக்கு இரண்டாயிரத்துச் சொச்சம். பூமியைச் சுற்ற வேண்டுமென்றால் ராக்கெட் எட்ட வேண்டிய வேகம் மணிக்கு இருபத்தெட்டாயிரம்.

லேத்துக்காரர் தலையை ஆட்டினார். ஒன்றும் உள்ளே போகவில்லை என்பது ஆட்டிய விதத்திலேயே தெரிந்தது.

சிஸ்டர் ஹேண்ட்பேக்கைத் தோளில் மாட்டிக்கொண்டே சொன்னார். "இருபத்தெட்டாயிரம்னா யாருக்குண்ணா புரியும்? பேஷண்ட் கிட்ட பேசற மாதிரி பேசுங்க. நமக்குத் தெரிஞ்ச தூரத்துல சொல்லுங்க." முண்டியம்பாக்கம் வந்தது. இறங்கிவிட்டார்.

அன்றைக்கு நானும் லேத்துக்காரரும் திண்டிவனம் போய்ச் சேர்வதற்குள் ஒரு புது அளவுகோலைக் கண்டுபிடித்திருந்தோம். விழுப்புரத்திலிருந்து திண்டிவனம். தண்டவாளத்தில் முப்பத்தெட்டு கிலோமீட்டர். எங்கள் பாசஞ்சருக்கு ஐம்பது நிமிஷம் என்று டைம் டேபிளில் போட்டிருக்கும். எடுத்துக்கொள்வது அதன் இஷ்டம். பஸ்ஸுக்கு ஒரு மணி நேரம், டிரைவருக்குக் கோபம் இருந்தால் முக்கால். ஜெட் விமானத்துக்கு இரண்டரை நிமிஷம். அதாவது விழுப்புரத்தில் ஏறி, சீட்டில் கர்ச்சீப் போட்டு, இது என் இடம், நான் அப்போதே போட்டேன் என்று ஒருவரோடு சண்டையை ஆரம்பிப்பதற்குள் திண்டிவனம் வந்துவிடும்.

அடுத்தது ஒலி. விழுப்புரம் பிளாட்பாரத்தில் நின்று ஒருவர் ஓங்கிக் கூப்பிட்டு, அந்தக் குரல் தேயாமல் போவதாக வைத்துக்கொண்டால், திண்டிவனம் போய்ச் சேர இரண்டு நிமிஷத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஆகும். ஒலியை முந்தும் அந்த விமானத்துக்கு ஒரு நிமிஷம். விழுப்புரத்தில் மனைவி, பையை மறந்துட்டுப் போறீங்களே என்று கத்துவது கேட்பதற்குள் நாம் திண்டிவனத்தில் இறங்கி டீ குடித்துக்கொண்டிருக்கலாம். இதை வீட்டில் சொன்னபோது, "இப்ப மட்டும் கேக்குதா?" என்றாள் என் மனைவி.

கடைசியில் ராக்கெட். கணக்குப் போட்டேன். தப்பு என்று நினைத்து மறுபடி போட்டேன். மயிலம் தாண்டும்போது மூன்றாவது தடவை போட்டேன். ஐந்து விநாடி. விழுப்புரத்திலிருந்து திண்டிவனத்துக்கு ஐந்தே விநாடி.

லேத்துக்காரர் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். வாய்க்குள்ளேயே ஒன்று, இரண்டு என்று எண்ணினார். ஐந்து எண்ணி முடித்தபோது எங்கள் வண்டி ஒரு புளிய மரத்திலிருந்து அடுத்த புளிய மரத்துக்கு வந்திருந்தது.

"அடேங்கப்பா" என்றார். அவர் வாயிலிருந்து அதற்கு முன்னும் அதற்குப் பின்னும் அந்த வார்த்தையை நான் கேட்டதில்லை.

அதிலிருந்து தினமும் பாடம். ராத்திரி வீட்டில் போனில் படிப்பேன், காலையில் வண்டியில் கொட்டுவேன். கல்லூரியில் ஒரு நாளாவது இப்படிப் படித்திருந்தால் மண்டியில் மூட்டைகளுக்கு நடுவே நிற்கவேண்டியிருந்திருக்காது. படிக்கப் படிக்க எனக்கே ராக்கெட்டின் மேல் ஒரு மயக்கம் வந்துவிட்டது. முக்கியமாக, அது கிளம்பும் விதம். ஐந்து விநாடியில் திண்டிவனம் போகப்போகிற அந்தச் சாமான், தரையை விட்டு எழும் முதல் விநாடியில் நடந்து போகிறவனுக்குப் பக்கத்தில்கூட வராது. அத்தனை நெருப்பையும் கக்கிக்கொண்டு, அத்தனை கனத்தையும் தூக்கிக்கொண்டு, நிறைமாதக் கர்ப்பிணி எழுந்திருக்கிற மாதிரி நிதானமாக எழும். அப்புறம் கொஞ்சம் கொஞ்சமாக வேகம் கூடும். ஒரு நிமிஷத்துக்குள் ஒலியைத் தாண்டிவிடும். பிறகு திரும்பிப் பார்க்காது.

ஜெட் ஏன் அவ்வளவு உயரம் போக முடியாது என்று ஒரு நாள் கேட்டார். எரிவதற்குக் காற்று வேண்டும் அண்ணே, மேலே காற்று இல்லை, அதனால் ராக்கெட் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே எடுத்துக்கொண்டு போகிறது என்று விளக்கினேன். அதற்கு அவர் சொன்னார்.

"அப்போ ஜெட்டு, போற வழியில ஓட்டல்ல துன்னுக்கினு போற ஆளு. ராக்கெட்டு, வீட்லேருந்து சோறு கட்டிக்கினு போற ஆளு."

எனக்குப் பாடம் எடுத்த எந்தப் பேராசிரியரும் இதை இப்படிச் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் ஒரு பேப்பராவது தேறியிருப்பேன்.

இவருக்கு ஏன் இந்த வயசில் இந்த ஆர்வம் என்று நான் கேட்கவில்லை. என் அறிவின் மேல் ஆர்வம் என்று நினைத்துக்கொண்டேன். கேட்டது சிஸ்டர்தான். ஊசி போடுகிற மாதிரி ஒரே குத்தில் கேட்டார். "எதுக்குண்ணா இதெல்லாம் உங்களுக்கு?"

அன்றைக்குத்தான் விஷயம் வெளியே வந்தது. அவர் பட்டறைக்கு, வெளியூர்க் கம்பெனி ஒன்று இருபத்துநான்கு வளையம் கடைந்து தரச்சொல்லி வேலை கொடுத்திருக்கிறது. உள்ளங்கை அகலம்தான். இரும்பு இல்லை, ஏதோ கலப்பு உலோகம். கத்தியைக் கொண்டுபோனாலே முறைத்துக்கொள்ளும் என்றார். தலைமுடியைப் பத்தாகப் பிளந்தால் எவ்வளவோ, அதற்குமேல் அளவு தப்பக்கூடாது. முதலாளி சொன்ன பிறகுதான் அவருக்கே தெரியும், அது ராக்கெட்டுக்கு என்று. இரண்டாவது கட்டத்து இன்ஜினில் எங்கேயோ போய் உட்காரும் வளையம்.

இதில் பெருமைப்படத்தானே வேண்டும் என்றேன். அவர் பெருமைப்படவில்லை.

"பதினாலாவது வளையம்" என்றார். "கடைசி வெட்டு வெட்டிக்கினு இருக்கும்போது ஒரு சத்தம் வந்துச்சி. சின்னதா. மத்த இருபத்துமூணுலயும் வரல. எடுத்து அளந்தேன், அளவு கரெக்டு. மொதலாளி கிட்ட சொன்னேன். கம்பெனிக்காரங்களும் வந்து என்னென்னமோ மிஷின் வெச்சிப் பாத்தாங்க, ஓக்கேன்னு எடுத்துக்கினு போய்ட்டாங்க. கண்ணுக்கு ஓக்கே. காதுக்குத்தான் இன்னும் ஓக்கே ஆவல."

சிஸ்டர் அன்று முண்டியம்பாக்கத்தில் இறங்கிய பிறகும் போகவில்லை. பிளாட்பாரத்தில் நின்று ஜன்னல் வழியாக அவரைப் பார்த்தார், அவ்வளவுதான்.

கார்த்திகை நடுவில் செய்தி வந்தது. அந்த வளையங்கள் இருக்கும் ராக்கெட், வடக்கே கடலோர ஏவுதளத்திலிருந்து, சனிக்கிழமை சாயந்தரம் ஐந்து மணி நாற்பத்தேழு நிமிஷத்துக்குக் கிளம்புகிறது. அதே கம்பெனி புது டிராயிங் ஒன்று அனுப்பி அடுத்து அறுபது வளையம் கேட்கிறது. செய்வாரா மாட்டாரா என்று திங்கட்கிழமைக்குள் சொல்லவேண்டும் என்று முதலாளி கேட்டிருக்கிறார். பட்டறையில் அதைக் கடையக்கூடிய ஒரே கை இவருடையதுதான்.

"இன்னா சொல்லப்போறீங்கண்ணே?" என்றேன்.

"பறக்கட்டும் மொதல்ல. ரெண்டாவது கட்டம் புடிச்சிச்சின்னா செய்றேன். புடிக்கலன்னா பழையபடி போர்வெல் மோட்டார் ஷாஃப்ட் கடையப் போறேன், அவ்ளோதான். ஆனா என் கண்ணால பாக்கணும். டிவியில வேணாம். டிவியில அவங்க காட்றதைத்தான் நாம பாக்கணும்."

திண்டிவனத்திலிருந்து பார்த்தாலே தெரியும், ஆனால் மரக்காணம் கடற்கரைக்குப் போய்விட்டால் வடகிழக்கே தடை ஒன்றும் இருக்காது, நன்றாகவே தெரியும் என்று நான் சொன்னேன். என் ஸ்கூட்டரிலேயே கூட்டிக்கொண்டு போகிறேன் என்றும் சொன்னேன். இந்த இடத்தில் நான் வாயை மூடியிருக்க வேண்டும்.

நான் செய்த தவறைப் புரிந்துகொள்ள வேண்டுமென்றால், சீசன் டிக்கெட்காரனின் மூளை எப்படி வேலை செய்யும் என்று தெரிந்திருக்க வேண்டும். ஏழு இருபது வண்டி என்றால் எங்களுக்கு அது ஏழே முக்கால். அறிவிப்பில் பத்து நிமிஷம் தாமதம் என்றால் அரை மணி. கல்யாணப் பத்திரிகையில் ஏழரை ஒன்பது முகூர்த்தம் என்று பார்த்தால், எட்டே முக்காலுக்குச் சட்டை போட ஆரம்பிப்போம். இருபது வருஷமாக இந்தக் கணக்கு என்னைக் கைவிட்டதில்லை. ஐந்து நாற்பத்தேழு என்று படித்ததும், இதுவும் அரசாங்கச் சமாசாரம்தானே, ஆறே கால் என்று மனசு தானாகத் திருத்தி எழுதிக்கொண்டது.

வெள்ளிக்கிழமை சிஸ்டர் எச்சரித்தார். மூன்று மணிக்கே கிளம்பச் சொன்னார். கிளம்பும் நேரத்தை நான் விளக்கியதும் சிரித்துவிட்டார்.

"உங்க வண்டி இல்லண்ணா அது, கார்டு வந்து கொடி காட்றதுக்கு. அதுக்கு விநாடிக் கணக்கு. நீங்க பாடம் எடுத்தீங்களே ஒழிய ஒண்ணும் படிக்கல."

அவருக்குச் சனிக்கிழமை டூட்டி. இல்லாவிட்டால் அவரே கூட்டிக்கொண்டு போயிருப்பார், இந்தக் கட்டுரைக்கும் அவசியம் இருந்திருக்காது.

சனிக்கிழமை மூன்று மணிக்கு லேத்துக்காரர் மண்டிக்கு வந்துவிட்டார். பர்மிஷன் போட்டு, முகம் கழுவி, சுத்தமான சட்டை மாட்டிக்கொண்டு வந்திருந்தார். மூன்றரைக்கு ஒரு லாரி மல்லாட்டை வந்து இறங்கியது. எடை போட்டுவிட்டு வந்துவிடுகிறேன் என்றேன். அவர் ஒரு மூட்டை மேல் உட்கார்ந்தார். நாலேகாலுக்கு, பஸ்ஸில் போய்விடட்டுமா என்று மெல்லக் கேட்டார். இதோ ஆச்சு, பஸ் என்னத்துக்கு, நிறைய நேரம் இருக்கிறது என்றேன். எடை முடிந்தபோது ஐந்து. அதற்கப்புறமும் நான் டீ குடித்தேன். பஜ்ஜி சூடாக இருந்தது. அவர் டீயைக் கையில் வைத்துக்கொண்டு ஆறவிட்டார், குடிக்கவில்லை. இதை எழுதும்போதும் அந்த டம்ளர் என் கண் முன்னால் இருக்கிறது.

ஐந்தேகாலுக்குக் கிளம்பினோம். மேம்பாலத்தில் சனிக்கிழமைக் கூட்டம் இருக்கும், நமக்கு ஒரு குறுக்கு வழி தெரியும், ரயில்வே கேட்டைத் தாண்டினால் நேராக மரக்காணம் ரோட்டில் ஏறிவிடலாம் என்றேன். குறுக்கு வழியில் கேட்டுக்கு இருநூறு அடி முன்னால் போகும்போது மணி அடிக்க ஆரம்பித்து, குறுக்குக் கம்பம் இறங்கியது.

சரி, ஐந்து நிமிஷம் என்றேன். ஒரு எக்ஸ்பிரஸ் பறந்து போனது. கேட் திறக்கவில்லை. அடுத்து ஒரு கூட்ஸ் வந்தது. மெதுவாக வந்தது. வந்து, கேட்டுக்கு நேராக, எங்கள் மூக்குக்கு முன்னால் நின்றுவிட்டது. முன்னாலே சிக்னல் விழவில்லையாம். இடது பக்கம் பார்த்தால் வேகன். வலது பக்கம் பார்த்தால் வேகன். கிழக்கு வானத்துக்குப் பூட்டுப் போட்ட மாதிரி, செம்மண் நிறத்தில் ஒரு இரும்புச் சுவர்.

எங்கள் ஊர்ப் பக்கம் கேட் மூடினால் ஒரு வழக்கம் உண்டு. ரோட்டின் இடது பாதியில் நிற்கமாட்டோம். ரோடு பூராவும் நிற்போம். அந்தப் பக்கத்து ஆட்களும் அப்படியே ரோடு பூராவும் நிற்பார்கள். ஒவ்வொருவரும் முன் சக்கரத்தைக் கம்பத்துக்கு அடியில் செருகிக்கொண்டு, ஒரு சாண் முன்னாலே நின்றால் ஒரு மணி நேரம் முன்னாலே போய்விடலாம் என்கிற மாதிரி முட்டிக்கொண்டு நிற்போம். நானும் அப்படித்தான் நுழைந்து நுழைந்து முதல் வரிசைக்கு வந்திருந்தேன். என்ன திறமை என்று அதற்காக மனசுக்குள் பாராட்டிக்கொண்டும் இருந்தேன்.

மணி ஐந்து நாற்பது. லேத்துக்காரர் பின் சீட்டில் இருந்தார். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது.

ஐந்து நாற்பத்தைந்துக்குப் பக்கத்துக் காரில் போனில் நேரலை வைத்தார்கள். தாமதம் ஒன்றும் இல்லை, எல்லாம் சரியாகப் போய்க்கொண்டிருக்கிறது என்று அதில் ஒருவர் சொன்னார். தாமதம் இல்லை என்பது வாழ்க்கையில் முதல் தடவையாக எனக்குக் கெட்ட செய்தியாக இருந்தது. ஆறே கால் என்று நான் வைத்திருந்த ராக்கெட் ஐந்து நாற்பத்தேழுக்கே போகப்போகிறது. அதைப் பார்க்கவேண்டிய மனிதர் என் பின்னால், வேகனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்.

பத்து, ஒன்பது என்று எண்ண ஆரம்பித்தார்கள். சுற்றி இருந்தவர்களெல்லாம் இன்னும் கொஞ்சம் முன்னால் நெருக்கினார்கள். நானும் வண்டியிலிருந்து எழுந்து, கம்பத்தைப் பிடித்து எக்கி, வேகனுக்கு மேலே பார்க்க முயன்றேன். வேகனுக்கு மேலே வேகன்தான் தெரிந்தது.

திரும்பிப் பார்த்தால் பின் சீட்டில் அவர் இல்லை. கூட்டத்தைப் பிளந்துகொண்டு எதிர்த் திசையில் போய்க்கொண்டிருந்தார். கோபித்துக்கொண்டு போகிறார் என்றுதான் நினைத்தேன். வண்டியை அப்படியே ஸ்டாண்ட் போட்டுவிட்டு, பின்னால் இருப்பவர்கள் கத்தக் கத்த, அவர் பின்னாலேயே ஓடினேன். அண்ணே, மன்னிச்சிடுங்க, என் புத்திய... என்று ஆரம்பித்தேன்.

"கிட்ட நின்னா சொவுருதான் வாத்யாரே தெரியும். பின்னால வாங்க. பின்னால போவப் போவ சொவுரு எறங்கும்."

எனக்குச் சுருக்கென்றது. இரண்டு பேப்பரில் ஒன்றில் இதுவும் இருந்தது. எதிரில் இருக்கும் தடையை விட்டு விலக விலக, அதற்கு மேலே வானம் கூடும். கேட்டில் நின்ற இத்தனை பேரில் ஒருவருக்கும் பின்னால் போகத் தோன்றவில்லை. முன்னால் போய்த்தான் எங்களுக்குப் பழக்கம்.

நூறு நூற்றைம்பது அடி நடந்ததும் ரோடு கொஞ்சம் மேடாகிறது. அங்கே போய் நின்று திரும்பினார். கூட்ஸ் வண்டி இப்போது இடுப்பு உயரத்துக்கு ஒரு கோடு, அவ்வளவுதான். அதற்கு மேலே மழை கழுவிவிட்ட கிழக்கு வானம், நீலத்திலிருந்து கறுப்புக்குப் போகும் நேரம். காரிலிருந்து கைத்தட்டல் கேட்டது. கிளம்பிவிட்டது.

"எங்க?" என்றார்.

"ஒரு நிமிஷம் ஆவும்ணே, நம்ம கண்ணுக்கு மேல வர்றதுக்கு. இத்தனை கிலோமீட்டர் தூரத்துல..."

"சத்தம் கேக்குமா?"

கேட்காது அண்ணே, அந்தச் சத்தம் இங்கே வருவதற்குள் தேய்ந்துவிடும், வந்தாலும் எட்டு நிமிஷத்துக்கு மேல் ஆகும் என்றேன். அவர் முகம் ஒரு மாதிரி ஆனது. முப்பது வருஷமாக எந்த மிஷினையும் காதால் எடை போட்டவர். முதல் தடவையாகக் கண்ணை மட்டும் நம்பி நிற்கவேண்டும்.

அப்போது வந்தது. வடகிழக்கே, வேகன்களின் கோட்டுக்கு மேலே, ஒரு ஆரஞ்சுப் பொட்டு. முதலில் நட்சத்திரம் என்று நினைத்தேன். நட்சத்திரம் ஏறாது, இது ஏறியது. கீழே நாங்கள் இருட்டத் தொடங்கிய தரையில் நின்றுகொண்டிருந்தோம். மேலே அதற்கு இன்னும் சூரியன் இருந்தது. ஒரு உயரத்துக்கு வந்ததும் அதன் வால் முழுக்க வெளிச்சம் பட்டு, இளம் சிவப்பும் வெள்ளையுமாக, யாரோ வானத்தில் மெதுவாகத் துணி விரிக்கிற மாதிரி விரிந்தது. சத்தம் துளி இல்லை. கேட்டில் இருந்த ஹாரன்கள்கூட நின்றுவிட்டிருந்தன. ஆறு மாதமாக அதன் வேகத்தைப் பற்றிப் பேசியவன் நான். அந்த நிமிஷம் எனக்கு ஒரு எண்கூட ஞாபகம் வரவில்லை. வாய் திறந்திருந்தது என்பது மட்டும் தெரியும். ஒரு கொசு உள்ளே போனதால் தெரியும்.

ஏறிக்கொண்டே கிழக்கே சாய்ந்தது. பொட்டு சின்னதாகிக்கொண்டே போனது. திடீரென்று அணைந்துவிட்டது.

இது எனக்குத் தெரியும். முதல் கட்டம் எரிந்து முடிந்து கழன்று விழும், அடுத்தது பற்றிக்கொள்ளும். இதைப் பற்றி விக்கிரவாண்டிக்கும் பேரணி ஸ்டேஷனுக்கும் நடுவில் ஒரு முழுப் பாடம் எடுத்திருக்கிறேன். தெரிந்திருந்தும் வாய்க்குள் ஒன்று, இரண்டு என்று எண்ண ஆரம்பித்தேன். அவர் கை என் தோளைப் பிடித்தது. இரும்பு பிடிக்கிற கை. அந்த வலி மூன்று நாள் இருந்தது.

அவர் தலை பழக்கத்தில் ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. நூற்றுக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால், காற்றே இல்லாத இடத்தில், ஒரு உள்ளங்கை வளையம் என்ன சத்தம் போடுகிறது என்று கேட்டுக்கொண்டிருந்தார். நான் வானத்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு அவரைப் பார்த்தேன்.

அவர் பிடி தளர்ந்தது.

"புடிச்சிக்கிச்சி" என்றார்.

நான் நிமிர்ந்து பார்த்தபோது அணைந்த இடத்துக்குக் கொஞ்சம் மேலே, ஊசி முனையளவு வெள்ளை வெளிச்சம். ஆட்டமில்லை, நடுக்கமில்லை. அது பாட்டுக்குக் கடல் பக்கம் போய்க்கொண்டிருந்தது.

"இப்ப இன்னா ஸ்பீடு இருக்கும் வாத்யாரே?"

கணக்குப் போட்டேன். "இப்ப நம்ம தூரத்துக்குப் பதினஞ்சு, பதினாறு விநாடிண்ணே. இன்னும் கூடும்."

"கூடட்டும்" என்றார்.

அது கண்ணை விட்டு மறையும்வரை நின்றோம். வால் மட்டும் வெகுநேரம் கலையாமல் இருந்தது, மேல் காற்றில் வளைந்து, பாதை தப்பி எழுதிய எழுத்து மாதிரி. கூட்ஸ் வண்டி ஒரு குலுங்கு குலுங்கி நகர்ந்தது. கேட் திறந்தது. எதிர்பார்த்தபடியே, இந்தப் பக்கத்து ஆட்கள் ரோடு பூராவும், அந்தப் பக்கத்து ஆட்கள் ரோடு பூராவும், நடுவில் ஆளில்லாத என் ஸ்கூட்டர். அதை நகர்த்துவதற்குள் நான் கேட்ட வார்த்தைகளை எழுத முடியாது. ஒருவர் என் படிப்பைப் பற்றி விசாரித்தார். இரண்டு பேப்பர் பாக்கி என்று உண்மையைச் சொன்னேன்.

வண்டியைத் தள்ளிக்கொண்டு ஓரமாக வந்து சேர்ந்ததும், மரக்காணம் இனிமேல் எதற்கு, ஸ்டேஷனில் விடட்டுமா, ராத்திரி வண்டியைப் பிடித்துவிடலாமே என்று கேட்டேன். மன்னிப்பும் கேட்டேன். அவர் அதைக் காதில் வாங்கவில்லை. சட்டைப் பையிலிருந்து போனை எடுத்து நேரம் பார்த்தார்.

"மொதலாளி எட்டு மணி வரிக்கும் பட்டறையிலதான் இருப்பாரு. அங்க வுட்டுடுங்க."

"திங்கக்கெழமதானேண்ணே சொல்லணும்?"

"திங்கக்கெழம வரிக்கும் எதுக்கு?"

முப்பத்தைந்தில் ஓட்டினேன். வழியெல்லாம் பின்னாலிருந்து என்னவோ முணுமுணுப்பு மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. பாட்டு என்று நினைத்தேன். காதைக் கொடுத்துக் கேட்டபோதுதான் தெரிந்தது, அறுபது வளையத்துக்கு எத்தனை நாள் ஆகும் என்று எண்ணிக்கொண்டு வந்தார்.

பட்டறை வாசலில் இறங்கினார். சுத்தமான சட்டையைக் கழற்றி மடித்துக் கையில் பிடித்துக்கொண்டு, பனியனோடு உள்ளே போனார். முதலாளி மேஜையிலிருந்து நிமிர்ந்து ஏதோ கேட்டார். இவர் கையை நீட்டியது எனக்கு வெளியிலிருந்தே தெரிந்தது.

"அந்த டிராயிங்க குடுங்க" என்றார்.